தாய்க்குப் பாடிய ஒப்பாரி

என் மனைவி ஒச்சாயி இறந்த அன்று ஆனையூர் வீட்டு வாசலில் நானே காவல் நின்றேன். டாக்கிப் படங்களில் ராணியாகவும் பிச்சைக்காரியாகவும் நடிக்கும் எங்கள் மகள் சோலை, தாய் முகம் பார்க்க வருவதாகத் தகவல்.

"அவ குரல்கூட இந்த வீட்டுல கேக்கக் கூடாது" என்றேன்.

ஒத்தக்கடையிலேயே காரை மறித்துத் திருப்பி அனுப்பிவிட்டு என் தம்பி தவசி வந்தான். மானம் தப்பியது என்று நிமிர்ந்தேன்.

உள்ளே பெண்கள் ஒப்பாரி தொடங்கினார்கள். தவசி முகம் வெளுத்தான்.

"அண்ணே, இது நம்ம சோலை படத்துல பாடுன ஒப்பாரி."

"நீ எப்படா படம் பாத்த?"



"நிறுத்துங்கடி!" என்று உள்ளே போனேன்.

பக்கத்து வீட்டுப் பாண்டியம்மாள் மூக்கைச் சிந்தினாள். "கோவிக்காதீக மாமா. இப்ப எல்லா எழவுலயும் இதத்தான் பாடுறோம். இதப் பாடுனாத்தான் அழுகை வருது."

மறுபடி பாடினார்கள். நான் படமே பார்த்ததில்லை. ஆனாலும் அடுத்தடுத்த அடிகள் எனக்குத் தெரிந்திருந்தன.

நடிக்கப் போகிறேன் என்ற மகளைச் செத்தவளாக்கி நான் கருமாதி செய்த அன்று, சோலை தெருவில் நின்று கேட்க, உள்ளே ஒச்சாயி கட்டிப் பாடிய ஒப்பாரி அது. 'மகளே' என்ற இடத்தில் இப்போது 'தாயே' என்கிறார்கள்.