முஸ்தபா சாரின் காலர் ட்யூன்

"எடுங்களேன் சார்! வீட்லேர்ந்துதானே?"

ப்ரியாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவள் வேலை பார்க்கும் சேலையூர் கேம்ப் ரோடு கூரியர் ஆபீசுக்கு முஸ்தபா சார்தான் மேனேஜர். மேஜையில் அவர் செல்போன் அடித்துக்கொண்டிருந்தது. திரையில் 'வீடு'.

"அடிக்கட்டும்மா" என்றார். சிரிக்க வேறு செய்தார் மனுஷன்!

ஒரு நாளா, ரெண்டு நாளா? காலையில் மூன்று தடவை, மத்தியானம் நாலு தடவை. ஒருமுறைகூட எடுத்ததில்லை. வீட்டுப் போனை எடுக்காத புருஷன் எப்படிப்பட்டவன் என்று ப்ரியாவுக்கு நன்றாகவே தெரியும். அவள் வீட்டுக்காரன் ஷ்யாம்சுந்தரும் அதே ரகம்தான்.

இந்த லட்சணத்தில் சாருக்குக் காலர் ட்யூன் ஒரு கேடு! அவரைக் கூப்பிட்டால் காதில் விழுவது மூணு வருஷத்துக்கு முந்தின குத்துப்பாட்டு. ரெண்டாயிரத்து அஞ்சில் தாம்பரத்து ஷேர் ஆட்டோ அத்தனையிலும் அதுதான் அலறியது. அதற்கப்புறம் எத்தனை ஹிட் வந்து போயாச்சு! ஊரே மாற்றிவிட்டது, இவர் மாற்றவில்லை.

"சாருக்கு அம்பது வயசு. பாட்டக் கேட்டா காலேஜ் பையன் மாதிரி கீது. இன்னா மேட்டரோக்கா!" என்று டெலிவரி தனசிங் கண்ணடிப்பான்.

அன்று வெள்ளிக்கிழமை. சார் போனை மேஜையிலேயே விட்டுவிட்டுத் தொழுகைக்குப் போயிருந்தார். மறுபடி 'வீடு'.

யாருக்கு என்ன அவசரமோ! ப்ரியா எடுத்தே விட்டாள்.

"ஹலோ, சொல்லுங்கம்மா..."

பதிலாக ஒரு பெண் வீறிட்டு அழும் சத்தம். பிறகு லைன் கட்டாகிவிட்டது.

சார் உள்ளே நுழைந்ததுதான் தாமதம், ப்ரியா வெடித்துவிட்டாள்.

"வீட்ல கதறி அழறாங்க சார்! இப்பவாவது பேசுங்க. உங்களுக்கு மனசே கிடையாதா?"

முஸ்தபாவின் முகம் மாறியது. "ஐயோ, எடுத்துட்டியாம்மா?"

அதற்குள் போன் மறுபடி அடித்தது. ப்ரியா வெடுக்கென்று எடுத்து நீட்டினாள். அவர் அதை வாங்கிப் பத்திரமாக மேஜையில் வைத்தார்.

"என் பொண்ணும்மா, ஃபரா. இருபது வயசாகுது, இன்னும் குழந்தைதான். பேச்சு வராது. ரீடயல் பட்டனை மட்டும் அழுத்தத் தெரியும்."

"அப்ப எடுத்து நீங்களாவது ரெண்டு வார்த்தை பேசலாமே சார்?"

"அவ எனக்குப் போன் பண்ணலம்மா. அந்தப் பாட்டைக் கேக்கறா. நான் எடுத்தா, பாட்டு நின்னுடும்."