கருவாட்டுக்கு ஒரு கருத்துக் கேட்பு

வாசனை மாசுச் சட்டம் வந்தபின், தூத்துக்குடி அடுக்ககங்களில் கருவாடு பொரிக்கப் பொதுமக்களின் கருத்துக் கேட்டு அனுமதி பெற வேண்டும். மெர்லின் நான்காம் மாத மசக்கையில் கருவாட்டுக்கு ஆசைப்பட்டாள். அன்றே கணவன் விண்ணப்பித்தான். எட்டாம் மாதத்தில்தான் மொட்டை மாடியில் கூட்டம் கூடியது. மற்ற பன்னிரண்டு வீட்டாரும் ஆட்சேபித்தார்கள்.

“உங்களுக்கு என்ன பாதிப்பு?” என்று கேட்டார் அதிகாரி.

“வாசனை மட்டும் வருது சார், கருவாடு வரமாட்டேங்குதே!” என்றார் கீழ்வீட்டு ரொசாரியோ.

அதிகாரி உத்தரவு எழுதினார்: பொரிக்கலாம், ஆட்சேபித்த வீடு ஒவ்வொன்றுக்கும் ஒரு துண்டு நிவாரணம் தரவேண்டும்.

மெர்லின் கையோடு கொண்டுவந்திருந்த கருவாட்டுப் பொட்டலத்தைப் பிரித்துப் பார்த்தாள். சரியாகப் பன்னிரண்டு துண்டுகள். இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.

“எனக்கும் ஆட்சேபணை இருக்கு சார். எம்பேரை முதல்ல எழுதுங்க.”