வருகைப் பாட்டு

“உதெல்லாம் ஒரு பாட்டே? குடிச்சுப்போட்டு இடுப்பாட்டுறவையின்ரை கூத்து!”

எங்கள் மாதா கோயில் பாடகர் குழுத் தலைவர் கிளிபோட் அங்கிள், என் லப்டொப்பைப் பார்த்துத் துப்பாத குறை. திரையில் இருந்தது ஐம்பதுகளின் சா-சா-சா நடன ஆங்கிலப் பாட்டு. மில்லிக்கன் மண்டபத்தில் அன்று பேனாட் அங்கிள், எமில்டா அன்ரியின் ஐம்பதாவது கல்யாண நாள். நான் டீஜே.

“அவை கலியாணத்திலை ஆடின பாட்டாம், அங்கிள். ஆசைப்பட்டுக் கேட்டவை.”

“சங்கீதம் தெரியாத சனம் கேக்கும். உனக்கு அறிவு எங்கை போச்சு? உந்தக் குப்பையைப் போட்டியெண்டால் நான் எழும்பிப் போயிடுவன்.”

போட்டேன்.

பேனாட் அங்கிள் மனைவியின் கையைப் பிடித்து ஆட வந்தார். நாலு வரி ஓடியிருக்காது, மண்டபம் முழுவதும் எழுந்து நின்று கைகூப்பியது.

முன்மேசை அன்ரி சிலுவை அடையாளம் போட்டபடி கேட்டார்:

“தம்பி, பூசை தொடங்கேக்கை எழும்பி நிண்டு பாடுற வருகைப் பாட்டை ஏன் இஞ்சை போடுறாய்? கிளிபோட் அண்ணை சொந்தமா மெட்டுக் கட்டின பாட்டெல்லே இது!”

கிளிபோட் அங்கிளைத் திரும்பிப் பார்த்தேன். சொன்ன சொல் தவறாத மனிதர். எழும்பிப் போயிருந்தார்.