மெட்டுக்காரர் வீட்டுச் சம்பந்தம்

கட்டிலுக்கு அடியில் தள்ளி, ஜமுக்காளத்தைப் போட்டு மூடியும் சாந்தாமணிக்குப் பயம் தீரவில்லை. வாசலில் கார் நிற்கும் சத்தம் கேட்டதும் அதன்மேல் இரண்டு தலையணைகளையும் வைத்தாள்.

திருட்டுச் சாமான் ஒன்றுமில்லை. அவள் மாமனார் நரசிம்மலுவின் ஆர்மோனியம்தான்.

நரசிம்மலு பதினெட்டு வயதில் நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். சினிமாக் கொட்டகைகள் வந்து கம்பெனி மூடும்வரை நாற்பது நாடகங்களுக்கு மெட்டுப் போட்டார். மீசை முளைக்காத பையன்களுக்குப் பெண் குரலில் பாடப் பழக்கியதும் அவர்தான். அவர் பாட்டுக்காகவே ஜனங்கள் வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள்.

ஆனால் அதெல்லாம் ஐம்பது வருடத்துக்கு முந்தைய கதை. இந்த 1993-இல் அதைச் சொன்னால் பேத்தி பிரத்யுஷாவின் சம்பந்தம் கெட்டுவிடும் போலிருந்தது.

மாப்பிள்ளை வீடு அன்னூர். மாப்பிள்ளையின் தாத்தா ஐயாசாமி ரொம்பக் கறார் என்று தரகர் சொல்லியிருந்தார். டிவியில் சினிமாப் பாட்டுப் போடும் நேரத்துக்குப் பெட்டியின் கதவைச் சாத்திப் பூட்டிவிடுவாராம். நாடகம், கூத்து என்ற பேச்சே அந்த வீட்டில் கூடாதாம்.

ஆகவே நரசிம்மலு மில்லில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர் என்று சொல்லி வைத்தார்கள். பேத்திக்காக அவரும் தலையாட்டினார். எந்த மில் என்று கேட்டால் என்ன சொல்வது என்பதை மட்டும் யாரும் அவருக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை.

ஐயாசாமி விறைப்பாக உள்ளே வந்தார். உட்காரும்போது தோளில் கிடந்த துண்டின் ஓரத்தை விரல் நுனியால் பதமாக ஒதுக்கிக்கொண்டார்.

காபியும் பஜ்ஜியும் நல்லபடியாக முடிந்தன. மாப்பிள்ளையின் அம்மா பெண்ணை ஒரு பாட்டுப் பாடச் சொன்னபோதுதான் சிக்கல். பிரத்யுஷாவுக்குத் தெரிந்ததெல்லாம் தாத்தாவின் பாட்டுகள்தான். சாமி பாட்டு என்று நினைத்துக்கொள்ளட்டும் என்று, முருகன் பெயர் வருகிற ஒன்றாகப் பார்த்து எடுத்தாள்.

இரண்டாவது அடியிலேயே ஐயாசாமி கையைத் தூக்கினார்.

“போதும் கண்ணு.”

அவர் முகம் வெளுத்திருந்தது. நரசிம்மலுவைப் பார்த்து, “உங்ககிட்டத் தனியாப் பேசோணுமுங்க” என்று எழுந்தார்.

சம்பந்தம் போய்விட்டது என்றே கூடத்தில் எல்லோரும் நினைத்தார்கள். சாந்தாமணி சமையலறைக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பிரத்யுஷா தலையை நிமிர்த்தவே இல்லை.

கொல்லையில் துவைக்கிற கல்லருகே போனதும் நரசிம்மலுவே முந்திக்கொண்டார். மில் கதை பொய் என்றார். தான் நாடகத்துக்கு மெட்டுப் போட்டவன் என்றும், அந்தத் தொழிலில் வெட்கப்படும்படி எதுவும் செய்யவில்லை என்றும் சொன்னார். அதைச் சொன்னபோது அவர் முதுகு தானாக நிமிர்ந்தது.

பேத்தியின் நினைப்பு வந்ததும் மறுபடி குரல் இறங்கியது.

“பொய் சொன்னது நானுங்க. அதுக்காகப் புள்ளையை வேண்டாமுன்னு சொல்லிப்போடாதீங்க.”

“நான் எங்கங்க வேண்டாமுன்னேன்? இந்த மாசமே நாள் குறிச்சுப்போடலாமுங்க.”

நரசிம்மலுவுக்குப் புரியவில்லை. பிறகு எதற்குப் பாட்டை நிறுத்தினார், எதற்குத் தனியாகக் கூப்பிட்டார் என்று கேட்டார்.

ஐயாசாமி கூடத்துப் பக்கம் ஒரு தடவை எட்டிப் பார்த்தார். யாரும் வரவில்லை என்று தெரிந்ததும் கிட்டே வந்து கிசுகிசுத்தார்.

“அந்தப் பாட்டுக்குச் சேலை கட்டி ஆடுனதே நாந்தானுங்க வாத்தியாரே, எங்க ஊட்டுல மட்டும் சொல்லிப்போடாதீங்க.”