புறவடிப்பான்

சிறுவர் பத்திரிகைக்கு அவர் எழுதும் வேற்றுக்கிரகக் கதை எதுவும், உயிரியல் ஆசிரியையான மனைவி திருத்தாமல் அச்சுக்குப் போனதில்லை. அவர் மூன்று கண் வைத்தால், மூன்றுக்கும் நரம்பு எங்கே என்று கேட்பாள்.

இன்று ஒரு சொல்லில் பென்சில் நின்றது. "புறவடிப்பான்னா என்னங்க?"

"அந்த உயிரோட உறுப்பு. உடம்புக்கு வெளியே, அலமாரி உயரத்துக்குத் தனியா நிக்கும். ரத்தத்தைச் சுத்தம் பண்ணித் திருப்பிக் குடுக்கும்."

"வெளியே நிக்கறது எப்படி உறுப்பாகும்? அடிச்சிடறேன்."

"அது இல்லாம வாழ முடியாதுன்னா உறுப்புதானே?"

அவள் பென்சிலை அந்தச் சொல்லின் மேலிருந்து எடுத்தாள்.

"அலமாரியைக் கட்டிக்கிட்டு எப்படி நடமாடும்?"

"கட்டிக்க வேண்டாம். வாரம் மூணு நாள் பக்கத்துல வந்து படுத்தாப் போதும். மத்த நாள் வேலைக்குப் போகும், புருஷனைத் திட்டும்."

"ஓ, பெண்ணா அது?"

"பெண்தான். டீச்சர்."

அறைக் கதவைத் திறந்துகொண்டு நர்ஸ் எட்டிப் பார்த்தாள். "என்னம்மா, இன்னிக்காவது ஆரம்பிக்கலாமா?"

நர்ஸுக்குப் பின்னால், படுக்கையை ஒட்டி, அலமாரி உயரத்தில் டயாலிசிஸ் இயந்திரம் நின்றது. அதைப் பார்த்துப் பயந்து, அறைக்கு வெளியே இதே நாற்காலியிலிருந்து இரண்டு முறை வீட்டுக்குத் திரும்பிப் போனவள் மனைவி.

சொல்லை அடிக்காமலே தாளை அவரிடம் நீட்டிவிட்டு எழுந்தாள்.

"எந்தக் கையில இணைக்கணும்னு நீங்க எழுதவே இல்லை. இடது கைன்னு போடுங்க."

"ஏன்?"

"வலது கை வேணுமே, உங்களைத் திருத்த."