கைகூப்பிய அதிகாரி

தடாலென்று நீதிமன்றக் கதவு திறக்கிறது. வெளிப் பெஞ்சிலிருந்து டிரைவரின் மனைவி துள்ளி எழுகிறாள். வெளியே வருகிற போக்குவரத்துக் கழக அதிகாரி, கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தபடி போனில் யாருடனோ சிரிக்கிறார். சற்று முன்தான் அவர் நீதிபதி முன்னால் கைகூப்பிக் குனிந்து நின்றதைக் கதவுக் கண்ணாடி வழியே பார்த்தாள். வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. கணவரை மறுபடி வேலைக்கு எடுப்பதைப் பரிசீலியுங்கள் என்று கோர்ட் உத்தரவு போட்டும் ஒரு வருடமாக அசையாத மனிதர் அல்லவா! கணவர் இன்னும் உட்கார்ந்தே இருக்கிறார். வெளுத்த காக்கிச் சட்டை. வலது கால் மட்டும் அங்கே இல்லாத பிரேக்கை மெல்ல மிதித்துக்கொண்டிருக்கிறது. டியூப் லைட் விட்டுவிட்டு எரிய, அவர் முகம் தெரிந்து தெரிந்து மறைகிறது. "எழுந்திருங்க, மாப்பிள்ளை மாதிரி உட்கார்ந்துக்கிட்டு!" என்று அவர் தோளை இடிக்கிறாள். கருப்பு அங்கியைக் கழற்றியபடி அவர்களுடைய வக்கீல் வருகிறார்.

"எப்ப டூட்டியில சேரணும் சார்?"

"இல்லம்மா. நேத்துதான் பரிசீலிச்சாங்களாம். வேலை கிடையாதுன்னு முடிவு பண்ணிட்டாங்க. பரிசீலிக்கத்தானே ஜட்ஜ் சொன்னாரு? செஞ்சாச்சு. லேட்டானதுக்கு அதிகாரி மன்னிப்பு கேட்டாரு, நாம போட்ட கோர்ட் அவமதிப்புக் கேஸ் முடிஞ்சுது. வேலைக்குப் புதுசா வழக்கு போடணும்."

டிரைவரின் கால் நின்றுவிடுகிறது.

"அப்ப அந்தாளு அத்தனை கும்பிடு போட்டது?"

வக்கீல் அங்கியை மடித்துக் கையில் போட்டுக்கொள்கிறார்.

"அவமதிச்சது கோர்ட்டைத்தானேம்மா, உங்களை இல்லையே."