முழு வால்யூம்

கம்பெனி கேட்டுக்கு எதிரே மைக் செட்டை மாட்டும்போதே கிறிஸ்துதாஸ் சொல்லிவிட்டான்.

"தலைவரே, மைக்கை வாயாண்ட வச்சுக்கினு கத்தாதீங்க. இந்த டிரான்ஸிஸ்டர் ஆம்ப்ளிஃபயருக்கு ஓரளவுதான் தெம்பு. அதுக்கு மேல எவ்ளோ கத்தினாலும் சத்தம் ஏறாது, பேச்சுதான் கிழிஞ்சிடும்."

"அப்படியா!" என்று அக்கறையாகக் கேட்டுக்கொண்டார் யூனியன் தலைவர் நடேசன்.

மாதக்கணக்கில் இழுத்த ஸ்டிரைக். நிர்வாகத்தோடு பேசி முடித்த ஒப்பந்தத்தை இன்று அவர் படித்துக்காட்ட வேண்டும். எல்லோரும் கை தூக்கினால் கேட் திறந்துவிடும்.

போராட்டத்தைப் புகழ்ந்து பேசும் வரை அவர் குரல் ஸ்ரீபெரும்புதூர் கடைத்தெரு வரை கணீரென்று கேட்டது. ஒப்பந்தத்தைக் கையில் எடுத்ததும் மைக்கை விழுங்கிவிடுவதுபோல் பிடித்துக்கொண்டு முழங்கினார். ஸ்பீக்கரில் கர்புர்ரென்று இரைச்சல்தான் வந்தது. கிறிஸ்துதாஸ் மேடையோரம் குனிந்து வால்யூமைக் குறைக்கப் போனான். தலைவர் காலாலேயே அவன் கையைத் தள்ளிவிட்டார்.

படித்து முடித்து, மைக்கைத் தள்ளிப் பிடித்தார். "தோழர்களே, சம்மதமா?"

அது மட்டும் தெளிவாகக் கேட்டது. அத்தனை கைகளும் உயர்ந்தன.

கூட்டம் கலைந்ததும் கிறிஸ்துதாஸ் ஓடிவந்தான். "மன்னிச்சுக்கங்க தலைவரே. நீங்க படிச்சது ஒருத்தருக்கும் புரியல. உள்ள வேலை செய்யற எங்க அண்ணன் ஜெபதாஸ்கூட உங்களை நம்பித்தான் கை தூக்குச்சு."

நடேசன் அவன் தோளைத் தட்டிக்கொடுத்தார்.

"நீ சொன்னபடியே கிழிஞ்சிதுப்பா. அடுத்த மீட்டிங்குக்கும் உன் செட்டுதான்."

பிறகு குரலைத் தாழ்த்தி, ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னார்.

"உங்க அண்ணனை மட்டும் வேற வேலை பாத்துக்கச் சொல்லு."